பின்னாலிருந்து படிப்பவன்

வெண்டல் கிராவுஸ் எந்தப் புத்தகத்தையும் முன்னாலிருந்து படித்ததில்லை. பேஸ்பால் ஆட்டக்காரர்களைப் பற்றிய புத்தகம் எது கைக்கு வந்தாலும் முதலில் குப்புறக் கவிழ்ப்பான். கடைசிப் பக்கங்களில் பொடி எழுத்தில் பெயர்ப் பட்டியல் இருக்கும். யார் எந்தப் பக்கத்தில் வருகிறார்கள் என்று. அதில் ஆங்கில 'கே' எழுத்துக்குப் போய், விரலை வைத்து மெதுவாக இறங்குவான். கிராவுஸ் என்ற பெயர் இல்லையென்றால் மூடி அலமாரியில் செருகிவிடுவான். அதற்கப்புறம் அந்தப் புத்தகத்தை யாரும் தொடுவதில்லை, தூசி தட்டும் அவன் மனைவி லொரீனைத் தவிர.

இந்த வியாதி அவனுக்கு மட்டும் வந்ததல்ல. பெரிய லீகில் ஒரு மாதமோ ஒரு பருவமோ தலைகாட்டிவிட்டு ஊர் திரும்பியவர்கள் எல்லோருக்கும் உண்டு. அயோவா மாநிலத்துப் பழைய ஆட்டக்காரர்களுக்கு வருஷம் ஒருமுறை ஒரு விருந்து நடக்கும். அங்கே ஒருத்தன் இன்னொருத்தனிடம் உடம்பு எப்படி, பிள்ளைகள் எப்படி என்று கேட்பதில்லை. "எந்தப் புத்தகத்துல இருக்க?" என்றுதான் கேட்பான். இல்லை என்று சொல்கிறவன் கோழிக்கறித் தட்டோடு மூலை மேசைக்குப் போய்விடுவான்.

வெண்டல் ஒரே ஒரு புத்தகத்தில் இருந்தான். ஒரே ஒரு வரி. 'கேட்சர் கிராவுஸ் பந்தை நழுவவிட்டார்.' நழுவவிட்டதற்காவது பெயர் போட்டார்களே என்று அந்த வரியைச் சுற்றிப் பென்சிலால் வட்டம் போட்டு வைத்தான். அது அவர்கள் ஊரான கால்டரின் நூலகப் பிரதி. அந்த நூலகத்தின் நூலகர் லொரீன். புருஷன் என்றும் பார்க்காமல் ரப்பரைக் கையில் கொடுத்து அழிக்க வைத்தாள். புத்தகத்தில் கோடு போட்டதற்காகப் பாதிரியாரிடமே அபராதம் வாங்கியவள் அவள். "பைபிள்லயே கோடு போடுறவன் நான், இதுல என்னம்மா இருக்கு?" என்று அவர் கேட்டபோது, "அது உங்க புத்தகம் ஃபாதர், இது ஊர்ப் புத்தகம்" என்றாள்.

லொரீனுக்கு பேஸ்பால் பிடிக்காது. கல்யாணமான புதிதில் பிடித்தது. அப்புறம் கோடைக்காலம் முழுக்க அவன் பேருந்தில் ஊர் ஊராகப் போனான். அவள் மாமியார் வீட்டுச் சமையலறையில் வெள்ளரிக்காய் ஊறுகாய் போட்டுக்கொண்டிருந்தாள். ஒருவழியாக ஆட்டம் முடிந்து திரும்பி வந்தான். தானியக் கிடங்கில் வேலைக்குப் போனான். சரி, இனியாவது புருஷன் முழுசாகக் கிடைப்பான் என்று நினைத்தாள். பாதிதான் கிடைத்தான். மீதிப் பாதி ஐம்பத்தேழாம் வருஷம் செப்டம்பர் மாதத்து மைதானம் ஒன்றில், மட்டைக்காரனுக்குப் பின்னால் பந்து பிடிக்கக் குந்தியபடியே இருந்துவிட்டது. முப்பது வருஷத்துக்கு மேலாக அந்த மீதியை எழுப்பிக் கூட்டிவர முடியாமல் அவள் அலுத்துப் போயிருந்தாள்.

அந்த செப்டம்பரில் நடந்தது இதுதான். வெண்டலின் அணியில் டெல் ஹார்கிரேவ் என்று ஓர் இளம் பிட்சர் இருந்தான். பந்து எறிவதில் அப்படி ஒரு கை அந்த லீகிலேயே இல்லை என்றார்கள். வெளியூர்களில் தங்கும்போது அவனுக்கும் வெண்டலுக்கும் ஒரே அறை. அந்த வாரம் டெல் இடது கையால் தலை வாருவதை வெண்டல் பார்த்தான். சட்டைப் பொத்தானையும் இடது கையால்தான் போட்டான். எறிகிற வலது கையின் தோள் போய்விட்டது, சொல்லாமல் மறைக்கிறான் என்று புரிந்துவிட்டது. ஆனால் அறையில் பார்த்ததை வெளியே சொல்லக்கூடாது. ஆட்டக்காரர்களிடம் எழுதாத சட்டம் பல உண்டு, அதில் இது முதல் சட்டம். கூடத் தங்குகிறவனைப் போட்டுக்கொடுப்பவனை மனுஷனாகவே மதிக்க மாட்டார்கள்.

அன்று ஜெயித்தால் கோப்பைச் சுற்று. மைதானம் நிரம்பி வழிந்தது. பாதி ஆட்டத்துக்கு மேல் பந்தின் வேகம் குறைந்து, அது கையுறையில் விழும் சத்தமே மாறிவிட்டது. வெண்டல் ஆட்டத்தை நிறுத்தச் சொல்லி, எழுந்து டெல்லிடம் போனான். "கை எப்படிடா இருக்கு?" என்றான். "போய்க் குந்துடா" என்றான் டெல். வெண்டல் திரும்பினான். ஆனால் தன் இடத்துக்குப் போகவில்லை. அத்தனை ஜனமும் பார்த்துக்கொண்டிருக்க, நேராக மேனேஜரிடம் நடந்துபோய், "இவனை இப்பவே எடுத்துடுங்க, தோள் கிழிஞ்சு போகும்" என்று சொல்லிவிட்டான்.

டெல்லை எடுத்துவிட்டார்கள். அணி தோற்றது. உடை மாற்றும் அறையில் எல்லார் முன்னாலும் டெல் எழுந்து நின்று, "இவன் என் கோப்பையை வித்துட்டான். இவன் பேரு இனிமே என் வாயில வராது" என்றான். யாரும் ஒரு வார்த்தை மறுத்துப் பேசவில்லை. அதற்குப் பிறகு எந்தப் பிட்சரும் வெண்டலுக்குப் பந்து போட ஒப்பவில்லை. அடுத்த வருஷம் கீழ் லீகுக்கு இறக்கினார்கள். அதற்கடுத்த வருஷம் அதுவும் இல்லை. டெல்லோ இன்னும் பதினாலு வருஷம் ஆடி, ஊரெல்லாம் கொண்டாடும் மனுஷனானான். வெண்டலுக்கு ஒரு கிறிஸ்துமஸ் வாழ்த்து அட்டைகூட அவன் அனுப்பியதில்லை.

ஆகவே டெல் ஹார்கிரேவ் தன் வாழ்க்கையைப் புத்தகமாக எழுதுகிறான் என்று செய்தி வந்த நாளிலிருந்து வெண்டல் வேறு எதற்கும் உதவாதவன் ஆகிவிட்டான். நன்றி சொல்லியிருப்பானா, திட்டியிருப்பானா? எதுவானாலும் சரி, ஒரு வார்த்தை வேண்டும் அவனுக்கு. தான் செய்தது சரியா தப்பா என்று அந்த ஒருத்தன் வாயால் தெரியவேண்டும். அந்தக் குளிர்காலத்தில் டெல் மாரடைப்பில் செத்துப்போனான். வெண்டல் வானொலியை அணைத்துவிட்டு, "புத்தகத்தை முடிச்சுட்டானாமா?" என்று கேட்டான். செத்தவனுக்காக ஒரு 'ஐயோ' சொல்லக்கூடத் தோன்றவில்லையே என்று லொரீனுக்கு அன்று அவன்மேல் வெறுப்பே வந்தது.

ஏப்ரல் முதல் வாரம் புத்தகம் நூலகத்துக்கு வந்தது. முத்திரைகூடக் குத்தாமல் லொரீன் அதை வீட்டுக்குக் கொண்டுபோனாள். அவள் செய்யாத காரியம் அது. வெண்டல் சமையலறை மேசையில் உட்கார்ந்திருந்தான். வலது கை விரல்கள் நாலா பக்கமும் கோணிக்கொண்டு நிற்கும் அவனுக்கு. கேட்சர் வேலை பார்த்தவன் கை அப்படித்தான் இருக்கும். அந்தக் கோணல் விரலால் புத்தகத்தைக் கவிழ்த்தான். கடைசிப் பக்கத்துக்குப் போனான்.

அவள் அடுப்புப் பக்கம் திரும்பி உருளைக்கிழங்கு தோல் சீவுகிற மாதிரி நின்றாள். தாள் புரளும் சத்தம் கேட்டது, நின்றது.

"என்ன?" என்றாள்.

"இல்ல."

"நல்லாப் பாத்தியா?"

"பாக்க என்ன இருக்கு? கெல்லர் இருக்கான், கிளெம் இருக்கான், பந்து பொறுக்கிப் போட்ட கிர்பி இருக்கான். நான் இல்ல." புத்தகத்தை மூடினான். "பேரு வாயில வராதுன்னான். வரல. சொன்ன சொல்லக் காப்பாத்திட்டுச் செத்துட்டான். திட்டியாவது எழுதியிருக்கலாம், லொரீன்."

சாப்பிட வா என்று இரண்டு முறை கூப்பிட்டாள். வரவில்லை.

மறுநாள் அவன் அலமாரியைக் காலி செய்ய ஆரம்பித்தான். முப்பது வருஷத்துப் புத்தகங்கள் அட்டைப் பெட்டிகளுக்குள் போயின. "உங்க நூலகத்துல பழைய புத்தக விற்பனை வருதில்ல, அதுல தள்ளிவிடு" என்றான். எத்தனை வருஷமாக அவள் வேண்டிக்கொண்டது! அந்தச் சுவரில் ஜன்னல் வைக்கவேண்டும், ஒரு நல்ல நாற்காலி போடவேண்டும் என்றெல்லாம் கனவு கண்டிருக்கிறாள். இப்போது வெறும் சுவரைப் பார்த்தால் ஜன்னலும் நாற்காலியும் ஞாபகத்துக்கே வரவில்லை.

அதோடு நிற்கவில்லை. ஊர் அணிக்கு மைதானத்தில் சுண்ணாம்புக் கோடு போடுவது எப்போதும் வெண்டல்தான். கயிறு கட்டி, சுண்ணாம்பு வண்டியை இரண்டு கையாலும் பிடித்துத் தள்ளி, ஒரு இம்மி கோணாமல் போடுவான். முட்டி இரண்டும் மடங்க மறுத்த பிறகும் அதை மட்டும் விட்டுக்கொடுத்ததில்லை. ஊரில் நாலு பேர் பார்க்கும் ஆட்டம், இதற்கா இந்தப் பாடு என்று அவள் கேட்டால், "கோடு நேரா இல்லன்னா அது ஆட்டமே இல்ல" என்பான். இந்த வருஷம் முதல் ஆட்டத்துக்கு அவன் போகவில்லை. யாரோ கோணல் மாணலாக இழுத்துவிட்டார்கள். வெண்டல் சோபாவில் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தான். மைதானத்துக் கூச்சல் வீடுவரை கேட்டது. எழுந்து ஜன்னலைச் சாத்திவிட்டு மறுபடி படுத்தான்.

லொரீன் புத்தகத்துக்கு முத்திரை குத்தி நூலக அலமாரியில் வைத்தாள். அவளும் அதைத் திறந்து பார்க்கவில்லை. செத்தும் இந்த வீட்டை விடாதவனின் புத்தகம், எவன் படித்தால் என்ன என்றிருந்தது. வேலைக்குப் போவாள், வருவாள், இரண்டு தட்டு வைப்பாள், ஒன்றை அப்படியே எடுத்து மூடிவைப்பாள். பேசிப் பேசி அலுத்ததைவிடப் பேசாமல் இருப்பது அதிகம் அலுத்தது.

மே மாதம் ஒரு சனிக்கிழமை, அரைநாளோடு நூலகத்தை மூடுகிற நேரத்துக்கு பெர்னிஸ் ஹாஃப்மன் வந்தாள். எழுபது தாண்டிய விதவை. பேஸ்பாலில் எந்தப் பக்கம் ஓடுவார்கள் என்றுகூடத் தெரியாது. அட்டையில் ஆண் முகம் லட்சணமாக இருந்தால் எந்தப் புத்தகமானாலும் எடுத்துப் போவாள். டெல்லின் புத்தகத்தைக் கொண்டுவந்து மேசையில் வைத்தாள்.

"முகம் நல்லா இருக்கேன்னு எடுத்துட்டுப் போனேன் லொரீன். கடைசில என்னை அழ வச்சுட்டான்."

"எதுக்கு அழுதீங்க? எல்லாம் பந்து மட்டைக் கதைதானே."

"அதெல்லாம் நான் தாண்டிப் போயிட்டேன். நடுவுல ஒருத்தன் வரான் பாரு, பந்து புடிக்கிறவன். பேரே சொல்ல மாட்டேங்குறான். ஒரு அத்தியாயம் பூரா அவனப் பத்திதான். பாவம், யாரு பெத்த புள்ளையோ! இப்ப உசிரோட இருக்கானோ இல்லையோ. உம் புருஷனும் அந்தக் காலத்துல ஆடினவன்தான? கேட்டுப் பாரேன், அவனுக்குத் தெரிஞ்சாலும் தெரிஞ்சிருக்கும்."

பெர்னிஸ் அடுத்த லட்சண முகத்தைத் தேடி அலமாரிப் பக்கம் போனாள். லொரீன் நின்றபடியே புத்தகத்தைத் திறந்தாள். முப்பது வருஷத்தில் பேஸ்பால் புத்தகம் ஒன்றை முன்னாலிருந்து புரட்டியது அதுதான் முதல் தடவை. பெர்னிஸ் இரண்டு முறை கூப்பிட்டும் அவளுக்குக் கேட்கவில்லை.

அன்று மதியம் வெண்டல் சோபாவில்தான் கிடந்தான். லொரீன் மேல்கோட்டைக்கூடக் கழற்றாமல் எதிரில் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தாள்.

"அதை எதுக்கு மறுபடியும் தூக்கிட்டு வந்த?" என்றான்.

"நீ இதைப் படிக்கல."

"பாத்தேன். நான் இல்ல."

"பாக்கிறது வேற, படிக்கிறது வேற. வாழ்நாள் பூரா புத்தகத்தைப் பின்னாடியிருந்தே மோந்து பாத்துட்டு வச்சுட்ட. இன்னிக்கு நான் படிக்கிறேன், நீ கேளு."

"வேணாம், லொரீன். எனக்குத் தெம்பில்ல."

"எனக்கும்தான் இல்ல. சும்மா படு."

கண்ணாடியைப் போட்டுக்கொண்டு அவள் வாசித்தாள். இடது கையால் தலை வாரியதிலிருந்து தொடங்கியது. ஆறாவது இன்னிங்ஸில் கேட்சர் எழுந்து வந்தான் என்ற இடம் வந்ததும் சுவர்ப் பக்கமிருந்து குரல் வந்தது.

"ஏழாவது."

"ஆறாவதுன்னு போட்டிருக்கு."

"அவனுக்கு எண்ணவே வராது. ஏழாவது." ஆனால் சுவரிலிருந்து இந்தப் பக்கம் திரும்பிப் படுத்துவிட்டான்.

அவள் தொடர்ந்து வாசித்தாள்.

'அவன் பெயரை நான் எழுதப்போவதில்லை. அந்தப் பெயர் என் வாயில் வராது என்று அன்று எல்லார் முன்னாலும் சொன்னேன். கோபத்தில் சொன்னது. அந்தக் குளிர்காலத்தில் டாக்டர் என் தோளைப் பார்த்துவிட்டு, இன்னும் கொஞ்சம் எறிந்திருந்தால் இந்தக் கை சோறு சாப்பிடக்கூட உதவியிருக்காது என்றார். கோபம் அங்கேயே போய்விட்டது. ஆனால் நான் நாலு பேர் முன்னால் நாறடித்த பெயர் அது. மன்னிப்புக் கேட்காமல் அதை இந்தப் புத்தகத்தில் அலங்காரமாக வைத்துக்கொள்ள எனக்கு என்ன யோக்கியதை? கேட்டுவிட்டுச் சொல்லலாம் என்று வருஷக்கணக்காகத் தள்ளிப்போட்டேன். அதற்குப் பின் நான் ஆடிய பதினாலு வருஷமும் அவன் போட்ட பிச்சை. அவன் தன்னுடையதைக் கொடுத்து எனக்கு வாங்கித் தந்தது.'

வெண்டல் எழுந்து உட்கார்ந்தான். கோணல் விரல்களால் முட்டியைத் தடவிக்கொண்டே இருந்தான். லொரீன் பக்கத்தைத் திருப்பினாள்.

'ஒருமுறை போகத்தான் செய்தேன். ஆற்றைத் தாண்டி, சோளக்காட்டு நடுவில் இருந்தது அவன் ஊர். மைதானத்தில் தனியாகச் சுண்ணாம்புக் கோடு போட்டுக்கொண்டிருந்தான். முட்டி மடங்காமல் நடந்தான். நான் வேலிக்கு வெளியே காரிலேயே உட்கார்ந்திருந்தேன். நிரம்பிய மைதானங்களில் பயமில்லாமல் நின்றவன் நான். அன்று ஒரு கார்க் கதவைத் திறக்க முடியவில்லை. அவன் ஒருமுறை நிமிர்ந்து என் பக்கம் பார்த்தான். கை காட்டியிருந்தால் இறங்கியிருப்பேன். அவன் எதற்காகக் காட்டவேண்டும்?'

"பச்சைக் காரு" என்றான் வெண்டல்.

"கலரு எதுவும் போடலியே."

"பச்சை. இல்லினாய் நம்பரு." அவன் தரையைப் பார்த்துப் பேசினான். "ரொம்ப நேரமா நின்னுச்சு. எவனோ வழி தெரியாம நிக்கிறான், போய்க் கேப்போம்னுதான் நெனச்சேன். மழை வர்ற மாதிரி இருந்துச்சு, லொரீன். ஒரே ஒரு கோடு பாக்கி. வண்டிய விட்டா கோடு கோணிடும். முடிச்சுட்டுப் போலாம்னு தள்ளிக்கிட்டே போனேன். முடிச்சுட்டுத் திரும்பினா காரு இல்ல."

அவன் அழுதான். முகத்தை மூடிக்கொள்ளவில்லை, சத்தமும் இல்லை. கல்யாணமானதிலிருந்து லொரீன் அதைப் பார்த்ததில்லை. எழுந்துபோய்ப் பக்கத்தில் உட்கார்ந்து அந்தக் கோணல் கையைப் பிடித்துக்கொண்டாள். பேஸ்பாலையும், டெல்லையும், சுண்ணாம்புக் கோட்டையும், வாயைத் திறந்தால் குறைந்துபோவோம் என்று நினைத்து வாழ்நாளை வீணடித்த இந்த இரண்டு முரட்டு மூடர்களையும் மனதாரத் திட்டினாள். திட்டித் தீர்த்தபின் அவளுக்கும் அழுகை வந்தது.

கொஞ்ச நேரம் கழித்து வெண்டல் சட்டைக் கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டான்.

"எந்தப் பக்கத்துலேர்ந்து எந்தப் பக்கம் வரைக்கும் இருக்கு?" என்று கேட்டான்.

லொரீன் பார்த்துச் சொன்னாள். பிறகு கைப்பையைத் திறந்து, நூலகத்தில் அபராதச் சீட்டு எழுதும் பேனாவை எடுத்தாள். புத்தகத்தைக் குப்புறக் கவிழ்த்து, கடைசிப் பக்கங்களில் 'கே' எழுத்தைக் கண்டுபிடித்து, கிளெமுக்குக் கீழே இருந்த சின்ன இடத்தில் எழுத ஆரம்பித்தாள். கிராவுஸ், வெண்டல், பக்கம் தொண்ணூற்றொன்று முதல் நூற்றாறு வரை.

வெண்டல் எட்டிப் பார்த்தான்.

"பேனாலயா எழுதுற?"

"பேனாலதான்."

"அது ஊர்ப் புத்தகம், லொரீன்."

"ஆமா" என்றாள், மை காய ஊதிக்கொண்டே. "ஊரு படிக்கட்டும்."